ஆர்மின் முல்லர்-ஷ்டால்: அறுபது ஆண்டுத் திரைவாழ்வு குறித்து அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

உலக சினிமா பார்க்கும் நண்பர்களிடம் இவருடைய பெயரைச் சொன்னால் பெரும்பாலும் அடையாளம் தெரிவதில்லை. ‘ஷைன்’ படத்தில் பியானோ வாசிக்கும் மகனை அடித்தும் அணைத்தும் வளர்த்த அந்த அப்பா என்று சொன்னால் உடனே தெரிந்துவிடுகிறது. அந்த ஒரு படத்துக்கு முன்னால் நாற்பது ஆண்டு உழைப்பும் பின்னால் ஏறத்தாழ இருபது ஆண்டு உழைப்பும் இருக்கின்றன. அவருடைய படங்களைத் தேடிப் பார்க்கத் தொடங்குவோர் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே விடை எழுதியிருக்கிறேன். சில விடைகள் நீண்டுவிட்டன. அந்த இடங்களில்தான் சொல்ல வேண்டியது நிறைய இருந்தது.

ஆர்மின் முல்லர்-ஷ்டால் யார்?

ஜெர்மன் நடிகர். 1950களின் நடுவில் கிழக்கு ஜெர்மனியில் திரைக்கு வந்து, அங்கே முதல் வரிசை நடிகராக உயர்ந்து, 1980இல் மேற்கு ஜெர்மனிக்குக் குடிபெயர்ந்து, அறுபது வயதை நெருங்கும்போது அமெரிக்கப் படங்களில் முக்கிய வேடங்களை ஏற்றவர். ஒரே மொழி பேசிய இரண்டு நாடுகளிலும், தாம் வயதான பிறகே பேசக் கற்ற ஒரு மொழியிலும் தனித்தனியாகப் பெயர் எடுத்த நடிகர்கள் மிகச் சிலரே. ஒவ்வோர் இடத்திலும் அவர் ஏறத்தாழ அடிப்படியிலிருந்தே தொடங்க வேண்டியிருந்தது. நடிப்பைத் தவிர வயலின் கலைஞர், ஓவியர், எழுத்தாளர் என்றும் அவரைச் சொல்ல வேண்டும்.

அவர் பிறந்த ஊர் இன்று ஜெர்மனியில் இல்லை என்கிறார்களே?

உண்மைதான். 1930ஆம் ஆண்டு டிசம்பர் 17 அன்று அவர் பிறந்த டில்ஸிட் நகரம் அப்போது ஜெர்மனியின் கிழக்குப் பிரஷ்யாவில் இருந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பின் அந்தப் பகுதி சோவியத் ஒன்றியத்திடம் போய்ச் சேர்ந்து, ஊரின் பெயரும் சோவெத்ஸ்க் என்று மாறியது. இன்று அது ரஷ்யாவின் கலினின்கிராட் பகுதியில், லிதுவேனிய எல்லையை ஒட்டி இருக்கிறது. தந்தை வங்கி ஊழியர்; ஐந்து பிள்ளைகள் கொண்ட குடும்பம். பின்னர் பிரென்ஸ்லாவ் என்ற ஊரில் வாழ்ந்தார்கள். போர் முடியும் தறுவாயில், 1945இல், தந்தை இறந்துபோனார். அப்போது ஆர்மினுக்கு வயது பதினான்கு. பல ஆண்டுகள் கழித்து, 2011இல், பிறந்த ஊர் அவரைத் தன் கௌரவக் குடிமகனாக ஏற்றுக்கொண்டது.

இந்தச் செய்திகளை வெறும் வாழ்க்கைக் குறிப்பாக மட்டும் நான் பார்க்கவில்லை. அவர் பேர்பெற்ற வேடங்களில் பெரும்பாலானவை தந்தை வேடங்கள். அவற்றிலும் பாதிக்கு மேல் ஊரை இழந்து வேறு மண்ணில் குடியேறியவர்கள்.

இசைக் கலைஞராக வேண்டியவர் நடிகரானது எப்படி?

பெர்லினில் வயலினும் இசையியலும் முறையாகப் படித்தவர் அவர். நடிப்பு ஆசை பின்னால் வந்தது. ஒரு நடிப்புப் பள்ளியில் சேர்ந்தார். திறமை போதாது என்று சொல்லி அவரை வெளியே அனுப்பிவிட்டார்கள். அதோடு அவர் ஒதுங்கிவிடவில்லை. 1952இல் கிழக்கு பெர்லினில் உள்ள ஷிஃப்பவர்டாம் அரங்கில் இடம் கிடைத்தது. 1954இல் ஃபோல்க்ஸ்ப்யூனே என்னும் மக்கள் அரங்குக்கு மாறி, அதன் குழுவில் இருபது ஆண்டுகளுக்கும் மேலாக நடித்தார்.

அந்த வயலின் பயிற்சி வீணாகவில்லை. ஒரு வசனத்தை எங்கே நிறுத்துவது, மௌனத்தை எவ்வளவு நேரம் நீட்டுவது என்பதில் அவருக்கு இருக்கும் கணக்கு இசை தெரிந்தவரின் தாளக் கணக்கு என்றே எனக்குத் தோன்றுகிறது. எதிரில் இருப்பவர் உரக்கப் பேசும்போது அவர் குரலை இறக்குவார். அதனால் காட்சி அவர் பக்கம் சாய்ந்துவிடும்.

கிழக்கு ஜெர்மனியில் அவர் எந்த அளவுக்குப் புகழ் பெற்றிருந்தார்?

நாடு முழுவதும் அறிந்த முகம். மக்களின் விருப்பத்துக்குரிய நடிகராகப் பலமுறை தேர்ந்தெடுக்கப்பட்டவர். அந்நாட்டில் திரைப்படம் எடுத்தது டேஃபா என்ற அரசு நிறுவனம் ஒன்றுதான். நடிகரின் வாய்ப்பு, வருமானம், வெளிநாட்டுப் பயணம் அனைத்தும் அரசின் கையில் இருந்தன. அந்தச் சூழலில் அவருக்கு நல்ல துணையாக அமைந்தவர் இயக்குநர் ஃபிராங்க் பையர். இருவரும் சேர்ந்து செய்த படங்களே அவருடைய கிழக்கு ஜெர்மன் காலத்தின் முதுகெலும்பு.

முதலாவது 1960இல் வந்த ‘ஐந்து தோட்டா உறைகள்’. ஸ்பெயின் உள்நாட்டுப் போரில், இறக்கும் நிலையில் இருக்கும் தலைவர் ஒரு செய்தியை எழுதி, அதை ஐந்தாகக் கிழித்து, ஐந்து தோட்டா உறைகளுக்குள் திணித்துத் தம் வீரர்களிடம் கொடுக்கிறார். தண்ணீர் இல்லாத மலைகளில் எதிரிகளுக்கு நடுவே அதைக் கொண்டுசேர்க்க வேண்டும். துண்டுகளைச் சேர்த்துப் படித்தால்தான் செய்தி புரியும். அதில் இருப்பதோ சேர்ந்தே இருங்கள், உயிர் பிழைப்பீர்கள் என்ற அறிவுரை மட்டும். முல்லர்-ஷ்டால் ஏற்றது பியர் என்ற பிரெஞ்சு இளைஞனின் வேடம். தாகம் தாங்காமல் கிணற்றை நோக்கிப் போய்ச் சுடப்படுகிறவன் அவன். கட்டுப்பாட்டைப் போற்றும் படத்தில் கட்டுப்பாட்டை மீறும் ஒருவனுக்காக நம்மை வருந்தவைப்பது எளிய காரியம் இல்லை.

1962இல் ‘அரச பிள்ளைகள்’. 1963இல் ‘ஓநாய்களுக்கு நடுவே நிர்வாணமாக’. புகென்வால்ட் வதைமுகாமுக்குள் பெட்டியில் மறைத்துக் கொண்டுவரப்பட்ட ஒரு குழந்தையைக் கைதிகள் காப்பாற்றும் கதை. அதில் சித்திரவதையைத் தாங்கிக்கொண்டு வாய் திறக்காத ஹோஃபல் என்ற கைதியாக வருகிறார். பிறகு 1974இல் ‘பொய்யன் யாக்கோப்’. எழுத்தாளர் யூரெக் பெக்கரின் கதையைப் பையர் படமாக்கினார். சிறந்த அயல்மொழிப் படத்துக்கான ஆஸ்கர் பரிந்துரையைப் பெற்ற ஒரே கிழக்கு ஜெர்மன் படம் அதுதான்.

அவர் கிழக்கு ஜெர்மனியின் ஜேம்ஸ் பாண்டாக நடித்தார் என்பது சரியா?

1973இல் ஒளிபரப்பாகத் தொடங்கிய ‘தாஸ் உன்ஸிஷ்ட்பாரே விஸியர்’ என்ற தொலைக்காட்சித் தொடரைப் பற்றிய பேச்சு இது. மேற்கில் ஊடுருவி வேலை செய்யும் கிழக்கு ஜெர்மன் ஒற்றனாக, ஆகிம் டெட்யன் என்ற பெயரில், அவர் அதில் நடித்தார். ஷ்டாஸி என்று மக்கள் அஞ்சிய அரசு உளவு அமைச்சகத்தின் ஒத்துழைப்போடு உருவான தொடர் அது. வீதியில் நடக்க முடியாத அளவுக்கு அவரைப் பிரபலமாக்கியதும் அதுவே. ஆனால் ஒன்பது பகுதிகளோடு அவர் விலகிக்கொண்டார். தொடர் வேறு நாயகர்களை வைத்து ஓடியது. எளிதாகக் கிடைத்துக்கொண்டிருந்த புகழையும் பாதுகாப்பையும் தாமாகவே கைவிட்ட முதல் சந்தர்ப்பமாக இதைக் கருதுகிறேன்.

1976இல் என்ன நடந்தது? ஏன் நாட்டை விட்டுப் போனார்?

அந்த ஆண்டு நவம்பரில், கிழக்கு ஜெர்மனியின் பாடலாசிரியரும் பாடகருமான வோல்ஃப் பியர்மன் மேற்கு ஜெர்மனியின் கொலோன் நகரில் ஒரு நிகழ்ச்சி நடத்தச் சென்றார். அரசை விமர்சித்துப் பாடிவந்த அவரை மறுபடி உள்ளே விடாமல், குடியுரிமையைப் பறித்துவிட்டது அரசு. எழுத்தாளர்கள் சிலர் இந்த முடிவை மறுபரிசீலனை செய்யும்படி வெளிப்படையாக ஒரு கடிதம் எழுதினார்கள். அடுத்த நாட்களில் அதில் கலைஞர்கள் பலர் தங்கள் பெயரைச் சேர்த்தார்கள். முல்லர்-ஷ்டால் அவர்களில் ஒருவர்.

கைது நடவடிக்கை எதுவும் இல்லை. வேலை வருவது நின்றுபோனது, அவ்வளவுதான். ஒரே முதலாளி இருக்கும் நாட்டில் அதுவே போதுமான தண்டனை. முன்பே ஒப்புக்கொண்டவையும் மிஞ்சியவையுமாக ஓரிரு படங்கள் வந்தன. அவற்றில் 1978இல் ஃபிராங்க் பையர் தொலைக்காட்சிக்காக எடுத்த ‘மூடிய வட்டம்’ குறிப்பிட வேண்டிய ஒன்று. விடுமுறைக்கு ஊர்ப்புறம் சென்ற கணவனும் மனைவியும் தங்கள் மணவாழ்வு வெறுமையாகிப்போனதை உணர்வதுதான் கதை. ஒரு வீட்டுக்குள் நடக்கும் அந்தச் சண்டையில் நாட்டின் மூச்சுமுட்டலைப் பார்வையாளர்கள் கண்டுகொள்வார்கள் என்று மேலிடம் பயந்தது. முன்னறிவிப்பு இல்லாமல், இரவு வெகுநேரம் கழித்து ஒளிபரப்பிவிட்டு அதை அலமாரியில் வைத்துவிட்டார்கள்.

வேலையில்லாமல் இருந்த அந்த நாட்களை அவர் எழுதிக் கழித்தார். அப்படி உருவான நாவலுக்கு அவர் வைத்த பெயருக்கு ‘உத்தரவிடப்பட்ட ஞாயிற்றுக்கிழமை’ என்று பொருள். ஓய்வைக்கூட ஆணையாகப் பெற்றவனின் நிலையை இதைவிடச் சுருக்கமாகச் சொல்ல முடியாது. 1980இல் அனுமதி கிடைத்து, மனைவியோடும் சிறு மகனோடும் மேற்கே போனார். புத்தகம் மறு ஆண்டு அங்கேதான் வெளிவந்தது.

ஐம்பது வயதில் மேற்கு ஜெர்மனியில் எப்படி வாய்ப்புக் கிடைத்தது?

இயக்குநர் ரைனர் வெர்னர் ஃபாஸ்பிண்டர் அவரை ‘லோலா’ படத்துக்கு எடுத்தார். 1981இல் வெளிவந்த அந்தப் படத்தில் அவருக்கு ஃபான் போம் என்ற அதிகாரியின் வேடம். போருக்குப் பின் ஜெர்மனி கட்டடங்களாலும் பணத்தாலும் நிமிர்ந்துகொண்டிருந்த 1950களின் பிற்பகுதி. சிறு நகரம் ஒன்றின் கட்டுமானத் துறைக்குப் பொறுப்பேற்று வருகிறார் நேர்மையான இந்த மனிதர். அங்கே லோலா என்ற பெண்ணிடம் மனத்தைப் பறிகொடுக்கிறார். அவள் அந்த ஊர் விபசார விடுதியில் பாடுகிறவள் என்பதும், ஊரின் பெரிய கட்டட ஒப்பந்தக்காரரின் ஆசைநாயகி என்பதும் அவருக்குத் தெரியாது.

ஒருநாள் அவரை அந்த விடுதிக்கே அழைத்துச் செல்கிறார்கள். மேடையில் பாடிக்கொண்டிருப்பவள் லோலா. அவளும் அவரைப் பார்த்துவிடுகிறாள். பார்பரா ஸுகோவா அந்தக் கணத்தில் பாட்டை வெறிகொண்டதுபோல் மாற்றிவிடுகிறார். உடம்பெல்லாம் ஆட, குரல் கிழிகிறது. முல்லர்-ஷ்டால் செய்வதோ ஒன்றுமில்லை. நின்று பார்க்கிறார். படம் முழுவதும் அவர் முகத்தில் நீல ஒளியையும் லோலாவைச் சுற்றிச் சிவந்த ஒளியையும் இயக்குநர் பாய்ச்சியிருக்கிறார்; இந்த இடத்தில் அந்த நீலம் ஒரு மனிதனின் ரத்தம் வடிந்துபோனதுபோல் தெரிகிறது. இந்த வேடத்துக்கு ஜெர்மன் திரைப்பட விருது கிடைத்தது. அடுத்து ஃபாஸ்பிண்டரின் ‘வெரோனிகா ஃபாஸ்’ படத்திலும் நடித்தார். அது 1982இல் பெர்லின் திரைப்பட விழாவின் உயர்ந்த பரிசான தங்கக் கரடியைப் பெற்றது. அதே ஆண்டு ஜூன் மாதத்தில் ஃபாஸ்பிண்டர் இறந்துவிட்டார்.

ஒரே ஆண்டில் அவர் நடித்த இரண்டு படங்கள் ஆஸ்கருக்குப் போட்டியிட்டனவா?

ஆம். 1985இல் வந்த படங்களுக்கான அயல்மொழிப் பிரிவில் ஐந்து படங்கள் பரிந்துரை பெற்றன; அவற்றுள் இரண்டில் அவர் இருந்தார். ஒன்று ஹங்கேரியின் பரிந்துரையான ‘கர்னல் ரெடில்’. இஸ்த்வான் சாபோ இயக்கிய அந்தப் படத்தில் ஆஸ்திரிய இளவரசராக வந்தார். மற்றொன்று மேற்கு ஜெர்மனி அனுப்பிய ‘கசப்பான அறுவடை’. போலந்து இயக்குநர் அக்னியெஷ்கா ஹாலண்ட் எடுத்தது. பரிசு அர்ஜென்டினப் படம் ஒன்றுக்குப் போனது.

‘கசப்பான அறுவடை’யைத் தவறவிட வேண்டாம். தனிமையில் வாழும் பக்தியுள்ள விவசாயி ஒருவர், நாஜிகளிடமிருந்து தப்பி ஓடிவந்த யூதப் பெண்ணைக் காட்டில் கண்டு, வீட்டின் நிலவறையில் ஒளித்துவைக்கிறார். உயிரைக் காப்பாற்றியவர் மெல்ல மெல்ல அந்த உயிருக்கு உரிமை கொண்டாடத் தொடங்குகிறார். இரக்கம் எந்த நாளில் ஆசையானது, ஆசை எந்த நாளில் அதிகாரமானது என்று கோடு போட்டுக் காட்ட முடியாத வகையில் நடித்திருக்கிறார். மாண்ட்ரியல் திரைப்பட விழாவின் சிறந்த நடிகர் விருது இந்த வேடத்துக்குக் கிடைத்தது.

ஆங்கிலப் படங்களுக்கு எப்படிப் போனார்?

1987இல் ஒளிபரப்பான ‘அமெரிக்கா’ என்ற அமெரிக்கத் தொலைக்காட்சிக் குறுந்தொடரில் சோவியத் தளபதியாக நடித்ததுதான் வாசல். அதன்பின் 1989இல் கோஸ்டா-காவ்ரஸ் இயக்கிய ‘மியூசிக் பாக்ஸ்’. சிகாகோவில் பல ஆண்டுகளாக நல்ல தொழிலாளியாகவும் நல்ல அப்பாவாகவும் வாழ்ந்துவரும் ஹங்கேரியர் ஒருவர், போர்க்காலத்தில் கொடூரங்கள் செய்தவர் என்று குற்றம் சாட்டப்படுகிறார். அவருக்காக வாதாடுகிறவர் அவருடைய மகளே. அந்த வேடத்தில் ஜெசிகா லாங்.

இதில் ஒரு சின்ன விஷயத்தைக் கவனிக்கச் சொல்வேன். தாத்தாவும் பேரனும் சேர்ந்து தரையில் கையூன்றித் தண்டால் எடுக்கிறார்கள். பார்க்க அழகான, பாசமான காட்சி. பிறகு நீதிமன்றத்தில் சாட்சி சொல்ல வருகிறவர், தரையில் கத்தியை நட்டுவைத்து, அதன்மேல் கைதிகளைத் தண்டால் எடுக்கவைத்த ஒருவனைப் பற்றிச் சொல்கிறார். முல்லர்-ஷ்டால் இரண்டு காட்சிக்கும் இடையே தம் முகத்தை மாற்றிக்கொள்வதில்லை. மாற்றம் நம் கண்ணில்தான் நிகழ்கிறது. முடிவு என்னவென்று இங்கே சொல்லப்போவதில்லை. 1990இல் பெர்லின் விழாவில் இந்தப் படம் தங்கக் கரடியைப் பகிர்ந்துகொண்டது.

உடனே 1990இல் பாரி லெவின்சனின் ‘அவலான்’. பால்டிமோர் நகரில் சுவர்க் காகிதம் ஒட்டும் தொழில் செய்த குடியேறிகளின் குடும்பக் கதை. இயக்குநர் தம் சொந்தக் குடும்பத்திலிருந்து எடுத்தது. 1914இல், நாட்டின் சுதந்திர தின வாணவேடிக்கைக்கு நடுவே அந்த ஊரில் தாம் வந்திறங்கியதைப் பேரப்பிள்ளைகளுக்கு ஓயாமல் சொல்லும் சாம் என்ற தாத்தாவாக வருகிறார். ஆண்டுதோறும் வரும் நன்றி நவிலும் நாளில் குடும்பம் மொத்தமும் கூடுகிறது. அண்ணன் கேப்ரியல் வழக்கம்போலத் தாமதமாக வருகிறார். பிள்ளைகள் பசியில் இருப்பதால், அவர் வருமுன்பே வான்கோழியை அறுத்துப் பரிமாறிவிடுகிறார்கள். பெரியவர் வந்து உட்காரும் முன்பே பந்தி தொடங்கிவிட்டது என்ற அந்த ஒரு மனத்தாங்கலில் ஒரு குடும்பம் இரண்டாக உடைகிறது. வாசலில் நின்று அண்ணனைச் சமாதானப்படுத்த முயலும் சாமின் குழப்பத்தைப் பாருங்கள். பல நாட்டுக் குடும்பங்களில் நடந்ததுதான். ஆனாலும் இவ்வளவு சரியாக நான் திரையில் வேறெங்கும் பார்த்ததில்லை.

‘நைட் ஆன் எர்த்’ படத்தில் வரும் டாக்ஸி ஓட்டுநர் இவர்தானா?

இவர்தான். ஜிம் ஜார்முஷ் 1991இல் எடுத்த அந்தப் படம் ஐந்து நகரங்களில் ஐந்து டாக்ஸிகளில் ஒரே இரவில் நடக்கிறது. நியூயார்க் பகுதியில் இவர் கிழக்கு ஜெர்மனியின் டிரெஸ்டனிலிருந்து வந்திருக்கும் ஹெல்மட் என்ற முன்னாள் கோமாளி. குளிரில் வெகுநேரமாக டாக்ஸி கிடைக்காமல் நிற்கும் யோயோ என்ற புரூக்ளின் இளைஞன் வண்டியில் ஏறுகிறான். தானியங்கிக் கியர் வண்டியை ஓட்டத் தெரியாத ஹெல்மட், பிரேக்கையும் ஆக்சிலரேட்டரையும் மாறி மாறி மிதிக்க, வண்டி குலுங்கிக் குலுங்கி நகர்கிறது. பொறுக்க முடியாமல் பயணியே ஓட்டுநர் இருக்கைக்கு வந்துவிடுகிறான். பெயரைக் கேட்டதும் தலைக்கவசத்தின் பெயர் என்று நினைத்து விழுந்து விழுந்து சிரிக்கிறான். பதிலுக்கு ஹெல்மட் சிவப்பு மூக்கை மாட்டிக்கொண்டு, இரண்டு குழல்களை ஒரே நேரத்தில் வாயில் வைத்து ஊதிக் காட்டுகிறார்.

அவனை இறக்கிவிட்ட பிறகு ஹெல்மட் தனியாக ஓட்டிப் போகிறார். வழி தெரியாது. மூக்கு இன்னும் முகத்தில் இருக்கிறது. நாடு விட்டு நாடு வந்து, புதிய மொழியில் சொல் தேடும் ஒரு மனிதனை அவர் தம் அனுபவத்திலிருந்தே எடுத்திருக்க வேண்டும். முப்பது நிமிடம்கூட வராத இந்தப் பகுதி, அவருடைய முழுநீள வேடங்கள் பலவற்றைவிட என் மனத்தில் நெடுநாள் தங்கியிருக்கிறது.

‘ஷைன்’ படத்தில் அவருடைய பங்கு ஏன் அவ்வளவு பேசப்படுகிறது?

1996இல் ஸ்காட் ஹிக்ஸ் இயக்கிய ஆஸ்திரேலியப் படம் அது. பியானோ கலைஞர் டேவிட் ஹெல்ஃப்காட்டின் வாழ்க்கையைத் தழுவியது. டேவிடின் தந்தை பீட்டராக முல்லர்-ஷ்டால் நடித்தார். சிறுவயதில் காசு சேர்த்துத் தாம் வாங்கிய வயலினைத் தம் தந்தை உடைத்துப் போட்டதைப் பீட்டர் மகனிடம் திரும்பத் திரும்பச் சொல்கிறார். உனக்கு இசை கிடைத்திருக்கிறது, நீ அதிர்ஷ்டசாலி என்று மகன் வாயாலேயே சொல்லவும் வைக்கிறார். நாஜிகளின் யூத இன அழிப்பில் உறவினர்களை இழந்தவருக்குக் குடும்பம் சிதறுவதைவிடப் பெரிய அச்சம் இல்லை. எனவே மகன் வெளிநாட்டில் படிக்கப் போக முயலும்போது, அதைத் துரோகமாகவே எடுத்துக்கொண்டு கதவை அடைக்கிறார்.

இந்த மனிதரைக் கொடியவராக மட்டும் காட்டுவது எளிது. முல்லர்-ஷ்டால் அப்படிச் செய்யவில்லை. அடிக்கும் கையும் அணைக்கும் கையும் ஒன்றே என்பதை அவர் மறைப்பதும் இல்லை, அதற்காக மன்னிப்பு வாங்கித் தருவதும் இல்லை. வயலினைப் பற்றிச் சொல்லும்போது ஒரு பொருளின் எடையை நினைவுகூர்கிறவர்போல் குரல் தாழ்கிறது. உண்மையில் வயலின் கற்றவர் சொல்கிறார் என்பது அங்கே தெரிகிறது. நிஜ வாழ்வில் தந்தை அப்படிப்பட்டவர் அல்லர் என்று ஹெல்ஃப்காட் குடும்பத்தில் சிலர் படத்தை மறுத்தார்கள் என்பதையும் சொல்லியாக வேண்டும். படத்தின் பீட்டரை ஒரு கதாபாத்திரமாகவே பார்ப்பது நியாயம்.

சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை கிடைத்தது. விருது ‘ஜெரி மக்வயர்’ படத்துக்காகக் கியூபா குடிங் ஜூனியருக்குப் போனது. வளர்ந்த டேவிடாக நடித்த ஜெஃப்ரி ரஷ் சிறந்த நடிகர் விருதைப் பெற்றார்.

அவர் யூதரா?

இல்லை. ‘அவலான்’, ‘ஷைன்’ போன்ற படங்களால் பலர் அப்படி நினைத்துக்கொள்கிறார்கள். ‘பொய்யன் யாக்கோப்’ கதையின் இரண்டு படங்களிலும் அவர் யூதராகவே நடித்தார்: 1974ஆம் ஆண்டுப் படத்தில் ரோமன் ஷ்டாம் என்ற சிறு வேடம்; 1999இல் ராபின் வில்லியம்ஸ் நாயகனாக நடித்த அமெரிக்கப் படத்தில் மருத்துவர் கிர்ஷ்பாம். நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த ஒரு சேரிமுகாமின் கதைக்குள் கால் நூற்றாண்டு இடைவெளியில் இரண்டு தடவை அவர் நுழைந்திருக்கிறார். போர்க்குற்றம் சாட்டப்பட்டவராகவும் அதே குற்றத்துக்குப் பலியானவராகவும் மாறி மாறி நடித்த ஒரு ஜெர்மானியர் என்ற வகையில், தம் தலைமுறையின் கணக்கை அவர் திரையில் தீர்த்துக்கொண்டிருந்தார் என்று நம்புகிறேன்.

அவர் ஹிட்லராக நடித்ததுண்டா?

உண்டு, தாமே இயக்கிய படத்தில். 1996இல் வந்த ‘மிருகத்தோடு உரையாடல்’ படத்தில், 103 வயது வரை பெர்லினில் உயிரோடு ஒளிந்திருக்கும் ஹிட்லரை ஓர் அமெரிக்க வரலாற்றாசிரியர் பேட்டி காண்கிறார். முல்லர்-ஷ்டால் இயக்கிய ஒரே திரைப்படம் இது. படமாக்கத்தில் தொய்வு உண்டு. எனினும் ‘ஷைன்’ வந்த அதே ஆண்டில் இப்படியொரு முயற்சியில் இறங்கிய துணிவை மதிக்கிறேன்.

ஜெர்மன் தொலைக்காட்சிக்குத் திரும்பினாரா?

திரும்பினார், அதுவும் எழுத்தாளர் தாமஸ் மான் வேடத்தில். ஹைன்ரிஷ் ப்ரேலோயர் இயக்கி 2001இல் ஒளிபரப்பான ‘மான் குடும்பம்’ மூன்று பகுதிகள் கொண்டது. நடித்த காட்சிகளும் ஆவணப் பேட்டிகளும் ஒன்றோடொன்று கலந்துவரும். நோபல் பரிசு பெற்ற, பிள்ளைகள் நெருங்க அஞ்சும் ஒரு தந்தை. தம் ஆசைகளை நாட்குறிப்புக்குள் பூட்டிவைத்தவர். விரல்களில் சுருட்டு, நிமிர்ந்த முதுகு, எதிரிலிருப்பவரைத் தாண்டிப் போகும் பார்வை, இவ்வளவுதான் அவர் எடுத்துக்கொண்டவை. மனைவி காட்டியாவாக மோனிகா ப்ளைப்ட்ராய் ஈடுகொடுத்து நடித்திருக்கிறார். தொடர் சர்வதேச எம்மி விருது பெற்றது. 2008இல் அதே இயக்குநர் தாமஸ் மானின் ‘புடன்புரோக்ஸ்’ நாவலைப் படமாக்கியபோது, அந்த வணிகக் குடும்பத்தின் தலைவராகவும் இவரே நடித்தார்.

பிற்காலத்தில் வில்லன் வேடங்களே அதிகம் வந்தனவா?

ஒரு பங்கு உண்மை. 1998இல் ‘எக்ஸ் ஃபைல்ஸ்’ திரைப்படம், 2009இல் ‘தி இன்டர்நேஷனல்’, அதே ஆண்டு ‘ஏஞ்சல்ஸ் அண்ட் டீமன்ஸ்’ படத்தில் கார்டினல் ஷ்ட்ராஸ் என்று, ஐரோப்பிய உச்சரிப்பும் நரைத்த தலையும் தேவைப்பட்ட இடங்களுக்கெல்லாம் அவரை அழைத்தார்கள். பல வேடங்கள் அவருடைய திறமைக்குச் சிறியவை. ‘தி இன்டர்நேஷனல்’ படத்தில் அவர் ஏற்ற பாத்திரம் முன்னாள் ஷ்டாஸி அதிகாரி என்பதை மட்டும் கவனிக்க வேண்டும். அந்த அமைப்பின் வீரனாக ஒருகாலத்தில் தொலைக்காட்சியில் வந்தவர், அது எவ்வளவு களைப்பையும் கசப்பையும் ஒருவருக்குள் விட்டுச்செல்லும் என்பதைச் சில நிமிடங்களில் காட்டிவிடுகிறார்.

பெரிய விதிவிலக்கு, 2007இல் டேவிட் க்ரோனென்பெர்க் இயக்கிய ‘ஈஸ்டர்ன் பிராமிசஸ்’. லண்டனில் உணவகம் நடத்தும் செம்யோன், வருகிறவர்களுக்குச் சூப் ஊற்றிக் கொடுக்கும் கனிவான முதியவர். ரஷ்யக் குற்றக்குழு ஒன்றின் தலைவரும் அவரே. சிறுமிகளுக்கு வயலினை எப்படி வாசிக்க வேண்டும் என்று எடுத்துக் காட்டும் ஒரு காட்சி இருக்கிறது. வாசிப்பது அவருடைய கைகள்தாம். அந்த இனிமையைக் கேட்ட பிறகு அவர் செய்தது தெரியவரும்போது வயிறு கலங்குகிறது. கனடாவின் ஜெனி விருது இந்த வேடத்துக்குக் கிடைத்தது.

பெற்ற முக்கிய விருதுகள்?

மேலே சொன்னவை போக, 1992இல் ‘உட்ஸ்’ படத்தில் பீங்கான் பொம்மைகளைச் சேகரிக்கும் பிராக் நகரச் சீமானாக நடித்ததற்குப் பெர்லின் விழாவின் வெள்ளிக் கரடி. 2011இல் அதே விழாவின் கௌரவத் தங்கக் கரடி. 2014இல் லொகார்னோ விழாவின் வாழ்நாள் சாதனை விருது.

நடிப்பைத் தவிர வேறென்ன செய்தார்?

எழுதினார், வரைந்தார், பாடினார். படப்பிடிப்பு நாட்களைப் பற்றியும் ஊர் திரும்புவதைப் பற்றியும் நினைவு நூல்கள் உண்டு. ஓவியராக ஜெர்மனியில் தனியே ஒரு ரசிகர் வட்டம் இருக்கிறது. ஜெர்மன் கவிஞர் கதேயின் ‘ஊர்ஃபவுஸ்ட்’ நாடகத்துக்காக அவர் செய்த கல்லச்சுப் படங்கள் புகழ்பெற்றவை. கிழக்கு ஜெர்மனியில் இருந்த காலத்தில் எழுதிய பாடல்களைத் தம் எண்பதாவது வயதை ஒட்டிப் பதிவு செய்து வெளியிட்டார். கடைசியாக அவரைப் பெரிய திரையில் பலர் பார்த்தது 2015இல், டெரன்ஸ் மாலிக்கின் ‘நைட் ஆஃப் கப்ஸ்’ படத்தில், பாதிரியாராக.

எந்தப் படத்திலிருந்து பார்க்கத் தொடங்கலாம்?

‘நைட் ஆன் எர்த்’ படத்தின் நியூயார்க் பகுதியை முதலில் பாருங்கள்; அரை மணிக்கும் குறைவான நேரம்தான். அடுத்து ‘அவலான்’, அதன்பின் ‘மியூசிக் பாக்ஸ்’ என்று இந்த வரிசையிலேயே பார்ப்பது நல்லது. அன்பான தாத்தாவைப் பார்த்துவிட்டுக் குற்றம் சாட்டப்பட்ட தாத்தாவிடம் வரும்போது, அவரை நம்ப வேண்டும் என்று நீங்களே ஆசைப்படுவீர்கள். அந்தப் படத்தின் மகளுக்கும் அதே நிலைதான். பழைய கறுப்பு வெள்ளைப் படங்களில் பொறுமை உள்ளவர்கள் ‘ஐந்து தோட்டா உறைகள்’, ‘ஓநாய்களுக்கு நடுவே நிர்வாணமாக’ இரண்டையும் தேடுங்கள். ‘லோலா’வை வண்ணங்கள் தெளிவாகத் தெரியும் நல்ல பிரதியில் மட்டும் பாருங்கள், அதை மங்கிய பிரதியில் பார்ப்பது பாதிப் படத்தை இழப்பதற்குச் சமம். ‘ஷைன்’ ஏற்கெனவே பார்த்தவர்கள், இவற்றையெல்லாம் முடித்தபின் அதை மறுபடி போட்டு, அப்பா வயலினைப் பற்றிப் பேசும் இடத்தில் ஒலியைச் சற்றுக் கூட்டிக்கொள்ளுங்கள்.